மூணு தரம் மாட்டேன்னு சொல்லணும்

மகனே, இந்த வருசம் பாஸ்கா நாடகத்துல யூதாஸ் வேசம் எனக்கு இல்லைன்னு ஆயிப்போச்சு. அதுக்குக் காரணம் நீதான். கோவத்துல எழுதுறேன்னு நெனைக்காத. கோவப்படுறதுக்கும் ஒடம்புல தெம்பு வேணும், எனக்கு இருக்கிற தெம்பு வெத்தலைக் கொடிக்காலுக்குத் தண்ணி கட்டுறதோட தீந்துபோகுது. ஒரே அசதியா இருக்குப்பா. உங்கம்மா அடுப்படியில இருந்துக்கிட்டே, "அவனுக்கு எழுதி என்னாகப் போகுது? அதையும் கண்ணாடி போட்டுச் சுவத்துல மாட்டிப்புடுவான்"ங்கிறா. மாட்டுனா மாட்டு. ஆனா கடைசி வரைக்கும் படிச்சிட்டு மாட்டு.

"மெட்ராசுல ஒன் மகன் என்ன வேலை பாக்குறான்?"னு சின்னமனூர்ல வெத்தலைக் கட்டு எறக்கும்போதெல்லாம் கேக்குறாக. படம் வரையிறான்னு சொல்லுவேன். அடுத்த தடவை நீ வரும்போது மண்ணப் பிசைஞ்சு தலை தலையாச் செஞ்சு வச்சிருப்ப. சரி, செலை செய்யிறான்னு சொன்னா, அதுக்குள்ள நாடகம் போடுறேன்னு கடுதாசி வரும். அப்புறம் டேப் ரிக்கார்டரத் தூக்கிக்கிட்டு ஆளுக பேச்சப் புடிக்கக் கெளம்பிருவ. இப்பல்லாம் "எல்லாந்தான் செய்யிறான்"னு சொல்லிட்டு நகந்துர்றேன். ஆனா எது செஞ்சாலும் அதுல நீ கேக்குறது ஒரே கேள்விதான்னு எனக்கு இப்ப வெளங்குது. நான் யாரு, எந்த வீட்டுப் புள்ள, எந்த ஊரு என்னயத் தன்னோட ஆளுன்னு சேத்துக்கும். கேக்க வேண்டிய கேள்விதான், நான் குத்தம் சொல்லல. அதுக்குப் பதில் தேட நீ என்னய எடுத்துக்கிட்ட பாரு, அங்கனதான் வில்லங்கம் வந்துச்சு.

ஒனக்குத் தெரிஞ்ச கதைதான். ஆனாலும் நீ இதை மாட்டுனா மெட்ராசுக்காரக படிப்பாகளே, அவுகளுக்குஞ் சேத்துச் சொல்லிர்றேன். நம்ம ஊரு வேதக்காரக ஊரு. பெரிய வெள்ளிக்கெழமை பொழுது சாயிற நேரத்துல, கோயிலுக்கு முன்னாடி சேசுநாதர் பாடுபட்டத நாடகமாப் போடுவோம். அதுக்குத்தான் பாஸ்கான்னு பேரு. சேசு வேசம் யாருக்குன்னாலும் குடுப்பாக, தாடி வளக்கவும் அடி வாங்கவும் சம்மதிச்சாப் போதும். பிலாத்து, ராயப்பர் எல்லாம் வருசத்துக்கு ஒருத்தரா மாறும். சேசுவக் காசுக்குக் காட்டிக்குடுத்துட்டுத் தூக்குல தொங்குன யூதாஸ் மட்டும் நம்ம வீட்டுக்கு. எங்க தாத்தா கட்டுனாரு, எங்கய்யா கட்டுனாரு, அப்புறம் நான். இது எதுக்கு நம்ம தலையில வந்து விடிஞ்சதுன்னு நீ ரொம்ப நாளாக் குடைஞ்சுக்கிட்டு இருந்த. வேதத்துல சேந்தப்ப நம்மள ஒதுக்கி வச்சிருப்பாக, பழைய பாவம் ஏதோ இருக்கும்னு என்னென்னமோ சொன்ன. எங்கய்யா எனக்குச் சொன்னது இவ்வளவுதான். மொத மொத நாடகம் போட்டப்ப அந்த வேசத்துக்கு யாரும் வரல, வெளிநாட்டுச் சாமியார் கெஞ்சிக் கேட்டாக, எங்க தாத்தா "யாரோ ஒருத்தன் கட்டித்தான ஆகணும்"னு எந்திரிச்சு நின்னாராம். அதுக்கு மேல ஒண்ணும் இல்லப்பா. நான் எதையோ ஒளிச்சு வச்சிருக்கேன்னு நெனைச்சு இன்னும் தோண்டாத.

எந்திரிச்சு நின்ன மனுசனுக்கு ஊரு ஒரு மரியாதை செஞ்சது. காட்டிக்குடுத்தவன் வேசத்த ஒருத்தன் ஆசைப்பட்டு வாங்குனான்னு பேரு வந்துறக் கூடாதில்ல? அதனால ஊருதான் வந்து கேக்கணும், அவன் மாட்டேன்னு சொல்லணும். ஒரு தரம் இல்ல, மூணு தரம். தவக்காலம் தொடங்குற சாம்பல் புதன் கழிஞ்சு வர்ற ஞாயித்துக்கெழமை, நாடகத்த நடத்துற அண்ணாவி தாம்பாளத்துல வெத்தலை பாக்கும் துண்டும் வச்சு எடுத்துக்கிட்டு நாலு பேரோட வீட்டுக்கு வருவாரு. "எனக்கு வேணாம்ப்பா, வேற ஆளப் பாருங்க"ன்னு நான் சொல்லணும். வாசல் வரைக்கும் போயிட்டுத் திரும்பி வருவாக. மறுபடியும் மாட்டேன்னு சொல்லணும். தெருமுனை வரைக்கும் போயிட்டு வருவாக. மூணாந்தரமும் நான் மாட்டேன்னு சொன்னா, ஒண்ணும் பேசாமத் தாம்பாளத்தக் கீழ வச்சிட்டுப் போயிருவாக. அத உங்கம்மா எடுத்து உள்ள வச்சா சம்மதம்னு அர்த்தம். இஞ்ஞாசி அண்ணாவி எங்கூடப் படிச்சவன், மொறைக்கு மச்சான். ஒரு வருசம் ரெண்டாந்தரம் வந்து நின்னுக்கிட்டு, "ஏலே மச்சான், வெயிலு மண்டையப் பொளக்குது, மூணாவதையும் இப்பவே சொல்லித் தொலைச்சிரு"ன்னான். நான் விடல. தெருமுனைக்கு நடந்துட்டு வாடான்னு அனுப்புனேன்.

ஒனக்கு அந்த வேசம் கசந்துபோனது எனக்குத் தெரியாம இல்ல. சின்னப் புள்ளையில உங்கம்மா மடியில உக்காந்து நாடகம் பாத்துக்கிட்டு இருந்த. நான் புங்கமரத்துல தூக்குப் போட்டுத் தொங்குனேன். அங்கிக்குள்ள நெஞ்சோட தோல் வாரு கட்டியிருக்கிறது ஒனக்கு எப்பிடித் தெரியும்? "எங்கப்பாவ எறக்குங்க"ன்னு கத்திக்கிட்டு ஓடியாந்து என் காலக் கட்டிப் புடிச்சுக்கிட்ட. செத்துப்போன யூதாஸ் மரத்துல தொங்கிக்கிட்டே, "ஒண்ணும் இல்லடா, அழுகாத"ன்னு பேசுனான். சனமெல்லாம் சிரிச்சுருச்சு. கெட்டது நாடகம்னு இஞ்ஞாசி எங்கூடப் பேச்ச விட்டுட்டான். அப்புறம் நீ உத்தமபாளையத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போனப்ப, பயலுக யூதாஸ் வாங்குன காசச் சொல்லி ஒன்னய "முப்பது வெள்ளி"ன்னு கூப்புட்டாக. ஒருத்தன் பல்லப் பேத்துட்டு வந்து நின்ன. நான் என்ன செஞ்சேன்? "வேசந்தானடா, இதுக்குப் போயி மல்லுக்கட்டுவியா"ன்னு ஒன்னய வஞ்சேன். அன்னைக்கு ஒன்னயப் பக்கத்துல உக்கார வச்சு, எனக்கு அது ஏன் புடிக்கும்னு சொல்லியிருக்கலாம். அப்பனும் மகனும் உக்காந்து பேசுற வழக்கம் நம்ம வீட்டுல ஏது? சோறு தின்னியான்னு கேப்பேன், தின்னேன்னு சொல்லுவ. அதோட சரி.

புடிக்கும்னு எழுதிட்டேன் பாரு. இதை உங்கம்மாகிட்டக்கூட நான் வாய்விட்டுச் சொன்னதில்ல, அவளாக் கண்டுபுடிச்சுக்கிட்டா. எனக்கு இருக்கிறது ஒரு துண்டுக் கொடிக்கால். வருசம் பூராம் குனிஞ்சு வெத்தலை கிள்ளிக் கட்டுக் கட்டுறவன யாரு திரும்பிப் பாக்குறா? ஊருக் கூட்டத்துல நான் வாயத் தொறந்தா அடுத்தவன் பேச ஆரம்பிச்சிருவான். ஆனா அந்த ஒரு நாளு மஞ்ச அங்கியப் போட்டுக்கிட்டு, காசுப் பையக் குலுக்கிக்கிட்டு நான் வந்தா, அத்தனை சனமும் மூச்சுக் காட்டாது. "வாங்கின காசு வழியெல்லாம் சத்தம் போடுதே, வாய்விட்டு அழுகவும் எனக்கு வழியில்லாமப் போச்சுதே"ன்னு புலம்பிக்கிட்டே மரத்தடிக்குப் போவேன். பழைய பாட்டுல யூதாசுக்கு இருந்தது நாலே வரி. மத்ததெல்லாம் நான் வெத்தலை கிள்ளிக்கிட்டே கட்டுனது. அங்கிய நானே தைப்பேன், மூஞ்சிக்கு நானே மை பூசுவேன், பின்னால கட்டுற திரையில மரமும் மேகமும் நாந்தான் வரைவேன். பொம்பளைக மண்ண அள்ளித் தூத்தி, "நாசமாப் போவ, நீ வெளங்குவியா"ன்னு வைவாக. வசவு பலமா விழுந்தா இந்த வருசம் நல்லா வந்துருச்சுன்னு அர்த்தம். கொறஞ்சுபோச்சுன்னா எனக்குச் சோறு எறங்காது. "சேசுநாதருக்காக ஊரே அழுதுக்கிட்டு இருக்கு, இந்த மனுசன் வசவ எண்ணிக்கிட்டு இருக்காரு"ன்னு உங்கம்மா தலையில அடிச்சுக்குவா. நெசந்தான். தொங்கிக்கிட்டே ஒத்தக் கண்ண லேசாத் தொறந்து பாப்பேன். கோயில் வாசல்ல இருந்து வாய்க்கால் வரைக்கும் ஒரே தலையா இருக்கும், எல்லாரும் என்னயவே பாத்துக்கிட்டு நிப்பாக. அந்தக் கொஞ்ச நேரத்துக்காகத்தான் மிச்ச நாளெல்லாம் நான் வாய மூடிக்கிட்டுக் கெடந்தேன்.

போன ஐப்பசியில என்னயவும் உங்கம்மாவையும் மெட்ராசுக்குக் கூட்டிட்டுப் போன. நீ செஞ்சதெல்லாம் பார்வைக்கு வச்சிருந்த பெரிய மண்டபம். சுவரு ஒசரத்துக்குத் துணியில படமா நான் தொங்குறேன், மூஞ்சியில அப்பிடி ஒரு அழுகை. கீழ மண்ணுல செஞ்ச தலைக, எல்லாம் வாயப் பொளந்துக்கிட்டு இருக்கு. ஒண்ணு அசப்புல இஞ்ஞாசி மாதிரியே இருந்துச்சு. எங்கனயோ இருந்து நம்ம ஊருப் பொம்பளைக வையிற சத்தம் வருது. அதுக்கு நடுவுல என் குரலு. "எனக்கு வேணாம்ப்பா, வேற ஆளப் பாருங்க." கொஞ்சம் நேரங் கழிச்சு மறுபடியும் அதே. "எனக்கு வேணாம்ப்பா." இஞ்ஞாசி தாம்பாளத்தோட வந்த ஞாயித்துக்கெழமை நீ டேப் ரிக்கார்டர வச்சுக்கிட்டுக் கதவோரம் நின்னது அப்பத்தான் ஞாபகம் வந்துச்சு. வருசா வருசம் மாட்டேன் மாட்டேன்னு அழுகிற மனுசன ஊரு கட்டாயப்படுத்துதுன்னு நீ நெசமாவே நம்பியிருக்க. பட்டுச் சேலை கட்டுன ஒரு அம்மா வந்து என் கையப் புடிச்சுக்கிட்டுக் கண்ணீர் விட்டாக. "பரவாயில்லம்மா"ன்னேன். உங்கம்மா முந்தானைய வாயில வச்சுக்கிட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கிட்டா, அழுதாளா சிரிச்சாளான்னு இன்னும் சொல்லல.

அங்கன வச்சே ஒங்கிட்டச் சொல்லியிருக்கணும். ஏலே, அந்த மூஞ்சி என் மூஞ்சி இல்லடா, தொங்கும்போது நான் அழுததே இல்லடான்னு. நீ எம் பக்கத்துல நின்னு, வர்றவுக போறவுககிட்டயெல்லாம் "இவருதான் எங்கப்பா"ன்னு சொல்லிக்கிட்டு இருந்த. நீ அப்பிடிச் சொல்லி நான் அதுக்கு முன்னாடி கேட்டதில்ல. பள்ளிக்கூடத்துக்கு நான் சோத்து வாளி கொண்டாந்தாக்கூடப் பயலுக பாக்குறதுக்குள்ள வாங்கிட்டு ஓடிருவ. அந்தச் சந்தோசத்தக் கெடுக்க மனசு வரலப்பா. பேசாம இருந்துட்டேன். பஸ்ல வரும்போது உங்கம்மா, "ஊமைக் கோட்டான்"னு ஒரே வார்த்தை சொல்லிட்டுத் தூங்கிட்டா.

மாசம் ரெண்டு போச்சு. ஒரு வாரப் பத்திரிகையில ஒன் படமும் அதுக்குக் கீழ நம்ம ஊரு பேரும் வந்துச்சு. உத்தமபாளையத்துல முடி வெட்டப் போன எவனோ அங்கன பாத்துட்டு, கையோட வாங்கியாந்துட்டான். ஒரு ஏழைக் குடும்பத்துக்குக் காட்டிக்குடுத்தவன்னு சூடு போட்டு வச்சிருக்கிற ஊருன்னு அதுல எழுதியிருக்கு. கோயில் வாசல்ல வச்சுப் படிச்சாக. யாரும் கோவப்படலப்பா. கோவப்பட்டிருந்தா நான் தப்பிச்சிருப்பேன். வெக்கப்பட்டாக. பட்டணத்துல படிச்ச புள்ள, அதுவும் அந்த வீட்டுப் புள்ளையே சொல்லுதுன்னா நெசமாத்தான இருக்கும்னு நெனைச்சுட்டாக. சாம்பல் புதனும் கழிஞ்சுச்சு. அந்த ஞாயித்துக்கெழமை நான் குளிச்சு வேட்டி மாத்திக்கிட்டு உக்காந்திருந்தேன். இஞ்ஞாசி வந்தான், கூடவே புதுசா வந்திருக்கிற சின்னச் சாமியாரும் வந்தாக. கையில தாம்பாளம் இல்ல. "மச்சான், இத்தனை வருசமா ஒன்னய இம்சை பண்ணிட்டோம், மன்னிச்சுரு"ன்னு இஞ்ஞாசி கையக் கூப்புனான். அவன் கண்ணு கலங்கியிருந்துச்சு. "இனிமே உங்களக் கஷ்டப்படுத்த மாட்டோம்யா"ன்னு சாமியார் சொன்னாக. தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும்பாக. என் வாய் என்ன சொல்லணும்? பழகுன வாய் பழகுனதச் சொல்லிருச்சு. "ஆமாப்பா, எனக்கு வேணாம், வேற ஆளப் பாருங்க"ன்னேன். ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் பாத்துக்கிட்டு, பெருமூச்சு விட்டுட்டுப் போயிட்டாக.

போனவுக வாசல் வரைக்கும் போயிட்டுத் திரும்புவாகன்னு பாத்தேன். தெருமுனைக்குப் போயிட்டுத் திரும்புவாகன்னு பாத்தேன். வெயிலு தாந்து, மாடு கத்த ஆரம்பிச்சிருச்சு. உங்கம்மா கதவப் புடிச்சுக்கிட்டு நின்னுக்கிட்டே இருந்தா. "ரெண்டாந்தரம் வரணுமில்ல?"ன்னு என்னயக் கேக்குறா, நான் என்னமோ அவுகளப் புடிச்சு வச்சிருக்கிற மாதிரி. மறுநாள் இஞ்ஞாசிய வாய்க்கால்கிட்டப் பாத்தேன். "ராயப்பர் வேசம் வேணுமா மச்சான், ஒனக்குன்னு வச்சிருக்கேன்"னான். ராயப்பருக்கு என்ன இருக்கு? சேசுவத் தெரியாதுன்னு மூணு தரம் சொல்லணும், ஒரு கோழி கூவும், ஒரு அழுகை அழுகணும், அவ்வளவுதான். யூதாசுக்கு என்னடா செய்யப் போறேன்னு கேட்டேன். பயலுக யாரும் வர மாட்டேங்கிறானுக, வைக்கோல்ல பொம்மை செஞ்சு தொங்கவிடப் போறோம்னான். எனக்கு அந்த வேசம் வேணும்டான்னு அங்கனயே சொல்லியிருக்கலாம். காட்டிக்குடுத்தவன் வேசத்த எவனாவது வாய்விட்டுக் கேப்பானா? கேட்டா எங்கய்யா குழியில இருந்து எந்திரிச்சு வந்து அறைவாரு.

ஒரு விசயம் ஒனக்குத் தெரியணும். டீக்கடையில நான் போனா, "வாய்யா யூதாசு, யாரக் காட்டிக்குடுக்க வந்த?"ன்னு கேட்டுக்கிட்டே எடம் விடுவானுக. கம்பம் பஸ்ல கண்டக்டர்கூட, "யூதாசுக்கு ஒரு சீட்டு"ன்னுதான் கிழிப்பாரு. இப்ப எல்லாரும் "வாங்க பெரியவரே"ங்கிறாக. மரியாதையா நகந்து உக்காருறாக. பேச்ச நிப்பாட்டிக்கிறாக. நீ "நான் யாரு"ன்னு தேடித் தேடி அலைஞ்ச, எனக்கு நான் யாருன்னு தெரிஞ்சுதான் இருந்துச்சு. இப்ப எனக்குத் தெரியல. பொறந்த ஊருல விருந்தாளி மாதிரி உக்காந்திருக்கேன். ஒன் மேல வன்மம் வச்சு இதைச் சொல்லல. நீ எனக்கு நல்லது செய்யணும்னுதான் செஞ்ச, அவுகளும் எனக்கு நல்லது செய்யணும்னுதான் செஞ்சாக. ஆளாளுக்கு நல்லது செஞ்சு என்னய ஓரங்கட்டிட்டீக.

புத்தி சொல்ற வயசுதான் எனக்கு, ஆனா தெம்பு இல்ல. ஒண்ணே ஒண்ணு சொல்றேன். ஊரை விட்டுப் போனவன் ஊரப் பத்திச் சொன்னா, ஊர்ல இருக்கிறவன் சொல்றத விட அது கெட்டியா ஒட்டிக்கும். அதனால இன்னொருத்தர வரையிறதுக்கு முன்னாடி அவுககிட்ட ஒரு வார்த்தை கேட்டுக்க. உங்கம்மாகிட்டக் கேட்ட, இஞ்ஞாசிகிட்டக் கேட்ட, கோயில்ல செபஞ் சொல்லிக்குடுக்கிற உபதேசியார்கிட்டக்கூடப் போயிக் கேட்ட. எங்கிட்ட மட்டும் கேக்கல. கேட்டிருந்தாலும் நான் மழுப்பியிருப்பேன், அது வேற. இன்னொரு தரம் கேட்டிருந்தா சொல்லியிருப்பேனோ என்னமோ. அந்தப் படத்த எறக்குன்னு நான் சொல்லல. நல்லாத்தான் வரைஞ்சிருக்க. பொறத்தால மேகம் போட்டிருக்கியே, பாத்துக்கிட்டே இருந்தேன், என் கை மாதிரியே இருந்துச்சு.

நேத்து சாமியார் என்னயக் கூப்புட்டு விட்டாக. பொம்மை மட்டும் தொங்குனா நாடகம் நிக்காது, புலம்பல் வேணும்னு இஞ்ஞாசி சொல்லிட்டானாம். "உங்க மகன்கிட்ட நீங்க பாடுனது கேசட்டுல இருக்காமே, எழுதி வாங்கிருவோம். ஸ்பீக்கர்ல போட்டுருவோம். உங்களுக்கு முன் வரிசையில நாற்காலி போடுறோம், உக்காந்து கேளுங்க"ன்னாக. நல்ல மனசோடதான் சொன்னாக, சின்ன வயசுச் சாமியார். நான் தலைய ஆட்டிட்டு வந்துட்டேன். வீட்டுக்கு வந்து மாட்டுக் கொட்டத்துல நின்னுக்கிட்டு அழுதேன். எதுக்கு மறைக்கணும்? மூச்சு இருக்கிறவன் கீழ உக்காந்திருக்க, அவன் குரல் மட்டும் மேல வைக்கோலுக்குப் பாடுறதா? என்னால அதைத் தாங்க முடியாது.

சாமியார் கடுதாசி ஒனக்கு வரும். கேசட்ட அனுப்பாத, அதுக்குப் பதிலா நீ வா. பெரிய வெள்ளிக்கு முந்துன குருத்து ஞாயிறன்னைக்குக் கோயில்ல வச்சு வேசக்காரக பேரப் படிப்பாக, அதுக்கு முன்னாடி வந்துரு. எங்கப்பாகிட்டக் கேக்காம நான் பேசிட்டேன், அவருக்கு அந்த வேசம் வேணும்னு எல்லாரு முன்னாடியும் நின்னு சொல்லு. அப்பனுக்காக மகன் கேட்டா அதுல அசிங்கம் இல்ல. அடுத்த வருசம் மரத்துல ஏற இந்த முட்டி எடங்குடுக்காது, இந்த வருசத்துக்குத் தாங்கும். எங்கய்யா பொண்ணு பாத்துட்டு வந்து கேட்டப்பவும் உங்க இஷ்டம்னுதான் சொன்னேன். கொடிக்கால் பங்கு பிரிச்சப்பவும் தம்பி எடுத்தது போக மிச்சத்தத்தான் வாங்கிக்கிட்டேன். நீ ஊரை விட்டுப் போறேன்னு நின்னப்பவும் போயிட்டு வாடான்னேன், இருன்னு சொல்லல. இன்னது வேணும்னு நான் யார்கிட்டயும் வாயத் தொறந்து கேட்டதில்ல. இப்ப ஒங்கிட்டக் கேக்குறேன். எனக்கு அந்த வேசம் வேணும்ப்பா.